ரமேஷ் கிருஷ்ணன் எவ்வளவு பெரிய டென்னிஸ் வீரர்?

உலகத் தரவரிசையில் 23-ஆம் இடம்தான் அவர் தொட்ட உச்சம். அதை மட்டும் பார்த்தால் ஏமாந்துபோவீர்கள். 1979-இல் ஜூனியர் விம்பிள்டன் வென்றார். அப்பா ராமநாதன் கிருஷ்ணன் 1954-இல் வென்ற அதே பட்டம். அப்புறம் ரமேஷ் விம்பிள்டனில் ஒருமுறை, அமெரிக்க ஓப்பனில் இருமுறை காலிறுதிவரை போனார்.

அவருடைய சர்வீஸில் வேகமே இருக்காது, சும்மா தள்ளிவிடுவதுபோல இருக்கும். ஆனால் ஆட்டம் தொடங்கிவிட்டால், எதிராளியின் வேகத்தையே வாங்கி, பந்தைக் கோட்டோரமாக நைசாக நழுவவிடுவார். 1989 ஆஸ்திரேலிய ஓப்பனில் அப்போதைய உலக முதல்நிலை வீரர் மாட்ஸ் விலாண்டர் அவரிடம் இரண்டாம் சுற்றிலேயே தோற்றார்.

எனக்குப் பெரிதாகப்படுவது, நாடுகள் அணிகளாக மோதும் டேவிஸ் கோப்பையின் 1987 அரையிறுதி. சிட்னியில், ஆஸ்திரேலியர்களின் புல்தரையில், ஐந்து ஆட்டங்களில் 2-2 என்ற நிலையில், கடைசி ஆட்டத்தில் ஆஸ்திரேலியாவின் வாலி மஸூரை வீழ்த்தி இந்தியாவை இறுதிக்குக் கொண்டுபோனார். இறுதியில் ஸ்வீடனிடம் தோற்றோம், அது வேறு கதை. 1993-இல் ஓய்வு பெற்றார்.