வரவேற்பு வளைவில் ஒரு விண்ணப்பம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

பதினாறு, பதினேழாம் நூற்றாண்டு ஐரோப்பிய நகரங்களின் அரச வரவேற்பு விழாக்களை வியந்து எழுதியிருந்தீர்கள். எனக்கு அந்த வியப்பு வரவில்லை. போரும் வரியும் வாட்டிய காலத்தில் ஓர் இளவரசர் தெருவழியே ஒருநாள் போவதற்காக மரத்திலும் துணியிலும் வளைவு கட்டி ஊர்ப்பணத்தைக் கரைத்தது வெறும் துதிபாடல்தானே? லத்தீன் வாசகமும் ரோமானிய தெய்வங்களும் தெருவில் நின்ற ஆளுக்கு என்ன புரிந்திருக்கும்?

க., கோவை

அன்புள்ள க.,

துதி இருந்தது. நகரம் செலவழித்தது குடிமக்களின் பணம்தான், அதுவும் சரி. ஆனால் 'வெறும்' என்ற சொல்லை மட்டும் என்னால் ஏற்க முடியவில்லை. ஒரே ஒரு விழாவை வைத்துச் சொல்கிறேன்.

1635 ஏப்ரல் 17. ஸ்பெயின் மன்னர் நான்காம் பிலிப்பின் தம்பி பெர்டினாண்ட், ஸ்பெயினின் ஆட்சியில் இருந்த தென் நெதர்லாந்தின் (ஏறத்தாழ இன்றைய பெல்ஜியம்) புதிய ஆளுநராக ஆண்ட்வெர்ப் நகருக்குள் வருகிறார். முந்தைய ஆண்டுதான் நோர்ட்லிங்கன் போரில் வென்றவர். வழிநெடுக வளைவுகளும் மேடைகளும். எல்லாவற்றுக்கும் வடிவம் கொடுத்தவர் ஓவியர் ரூபன்ஸ். ஊரின் ஓவியர்கள் பலரும் சில மாதங்கள் அதற்காகவே உழைத்தார்கள். வேலைச்சுமையில் மூச்சுவிட நேரமில்லை என்று அப்போது ஒரு நண்பருக்கு எழுதிய கடிதத்தில் ரூபன்ஸ் புலம்பியிருக்கிறார்.

அந்த ஊரின் நிலைமை என்ன? ஒருகாலத்தில் வட ஐரோப்பாவின் பெரிய சந்தை. ஏறத்தாழ ஒரு லட்சம் பேர் வாழ்ந்த இடம். 1585இல் நகரம் ஸ்பெயின் படையிடம் வீழ்ந்ததும், ஸ்பெயினை எதிர்த்துப் போரிட்ட டச்சுக்காரர்கள் நகரைக் கடலோடு இணைத்த ஸ்கெல்ட் ஆற்றின் முகத்துவாரத்தை அடைத்தார்கள். கடல் வணிகம் நின்றது. அடுத்த சில ஆண்டுகளிலேயே மக்கள்தொகை பாதிக்கும் கீழே போய்விட்டது. ஐம்பது ஆண்டுகள் கழித்தும் ஆறு திறக்கவில்லை.

இப்போது புனித யோவான் பாலத்தருகே இருந்த மேடையைப் பாருங்கள். வணிகத்தின் தெய்வமான மெர்க்குரி நகரைவிட்டுப் பறக்கக் காலெடுக்கிறான். ஆண்ட்வெர்ப், ஒரு பெண்ணாக, மண்டியிட்டு இளவரசரிடம் முறையிடுகிறாள். ஸ்கெல்ட் ஒரு கிழவனாக, காலில் விலங்கோடு, வலைகளின்மேல் அயர்ந்து கிடக்கிறான். பக்கத்தில் வேலையற்ற மாலுமி. இன்னொரு இடத்தில் ஜானஸ் கோயில்; ரோமில் போர்க்காலத்தில் திறந்தும் அமைதிக்காலத்தில் மூடியும் இருந்த கோயில் அது. அதன் கதவு திறந்து போரின் வெறி வெளியே பாய்கிறது. அந்தக் கதவை இழுத்து மூடச் சமாதான தேவதை போராடுகிறாள்.

வெற்றி வீரராக வரும் ஒருவருக்கு, அவர் கடந்தே ஆகவேண்டிய வழியில், ஊரே கூடியிருக்கும்போது, 'எங்கள் ஊர் செத்துக்கொண்டிருக்கிறது, போரை நிறுத்துங்கள்' என்று இருபுறமும் வரைந்து வைக்கத் துணிவு வேண்டும். அரண்மனைக்குப் போன மனுவை ஒரு செயலர் மடித்து வைத்துவிடலாம். இதை அப்படிச் செய்ய முடியாது. ஆண்ட்வெர்ப் அடங்கிய பிரபாந்த் பகுதியில் இதற்கு ஒரு பழைய அடித்தளமும் உண்டு. புதிய கோமகன் பதவியேற்க வரும்போது மக்களின் உரிமைகளைக் காப்பேன் என்று சத்தியம் செய்யும் வழக்கம் 1356இல் இருந்தே அங்கே இருந்தது. வரவேற்பு என்பது இரு தரப்பும் பேசிக்கொள்ளும் நாள். அதனால்தான் இந்த விழாக்களை நான் மதிக்கிறேன்.

பலன் கிடைத்ததா என்றால், இல்லை. பெர்டினாண்ட் 1641இல் இறந்தார். டச்சுக்காரர்களோடு போரை முடித்த 1648 மியூன்ஸ்டர் உடன்படிக்கையில் ஆறு மூடியே இருக்கும் என்று ஸ்பெயினே ஒப்புக்கொண்டது. எனக்கு இன்றும் ஆறாத இடம் இது.

அப்புறம் உங்கள் இரண்டாவது கேள்வி. நகரச் செயலர் கெவார்ட்ஸ் எழுதிய லத்தீன் வாசகங்கள் பலருக்குப் புரிந்திருக்காது. மெர்க்குரி யார் என்பதுகூடச் சிலருக்குத் தெரியாமல் இருந்திருக்கலாம். ஆனால் விலங்கிட்ட ஆற்றையும் சும்மா கிடக்கும் மாலுமியையும் அந்த ஊரில் யாருக்கும் விளக்க வேண்டியதில்லை.

வளைவுகளைப் பிரித்துவிட்டார்கள். ஆனால் ஓவியர் வான் துல்டன் அவற்றைச் செப்புத்தகட்டில் செதுக்கிய படங்கள் கெவார்ட்ஸின் உரையோடு பெரிய நூலாக வந்தன. அந்தப் படங்கள் இணையத்தில் கிடைக்கின்றன. மெர்க்குரி மேடையைப் பார்த்துவிட்டு மறுபடி எழுதுங்கள். அப்போதும் துதிபாடல் என்றே தோன்றினால், ஏன் என்று கேட்க விரும்புகிறேன்.