கர்ப்பமா இருக்குற அக்காவுக்கு குடிப்பழக்கம், வீட்ல நாங்க என்ன செய்யணும்?

உங்க கேள்வியை ரெண்டு தடவை படிச்சேன்மா. அக்காவுக்கு இப்போ 4 மாசம். செங்கல் சூளை வேலைக்கு போன இடத்துல புருஷனோட சேந்து குடிக்க ஆரம்பிச்சு இப்போ தினம் ஒரு குவார்ட்டர் இல்லாம முடியல. அம்மா முந்தாநாள்ல இருந்து ரூம்ல வச்சு பூட்டியிருக்காங்க. கை நடுங்குது, வேர்த்து ஊத்துது, தூக்கமே இல்ல. ஆஸ்பத்திரில உண்மையை சொன்னா போலீஸ் கேஸ் ஆகுமா, பொறந்த குழந்தையை வாங்கிட்டு போயிடுவாங்களான்னு பயம். இதுதானே நீங்க எழுதினது.

முதல்ல அந்த கதவை திறங்க. மீதியை அப்புறம் படிக்கலாம்.

தினம் குடிச்சு பழகின உடம்புல திடீர்னு நிறுத்தினா மூளை தாங்காது. நடுக்கம், வேர்வை, படபடப்புல ஆரம்பிச்சு ரெண்டு நாளுக்குள்ள வலிப்பு வரலாம், ரெண்டு மூணு நாள்ல யாரோ கூப்பிடுறாங்க பூச்சி ஊருதுன்னு நிதானம் தப்பி பேச ஆரம்பிக்கலாம், இது ஆம்பளைக்கே உயிரை எடுக்குற விஷயம், வயித்துல குழந்தையோட இருக்குறவளுக்கு சொல்லவே வேணாம். முந்தாநாள் பூட்டினீங்கன்னா இப்போ நீங்க சரியா அந்த நேரத்துக்குள்ள இருக்கீங்க. இன்னைக்கே மெடிக்கல் காலேஜ் ஆஸ்பத்திரிக்கு கூட்டிட்டு போங்க, அங்க பிரசவப் பிரிவும் மனநலப் பிரிவும் பெரும்பாலும் ஒரே வளாகத்துல இருக்கும். அட்மிஷன் போட்டு கொஞ்ச நாளைக்கு நடுக்கத்தை அடக்குற மாத்திரை, தையமின்னு ஒரு வைட்டமின் ஊசி, குளுக்கோஸ்னு பாத்துப்பாங்க. கர்ப்பிணி குடியை நிறுத்தும்போது ஆஸ்பத்திரில படுக்க வச்சு பாக்குறதுதான் நல்லதுன்னு உலக சுகாதார நிறுவனமே 2014ல போட்ட வழிகாட்டுதல்ல சொல்லியிருக்கு.

நான் விழுப்புரம் பக்கம் 27 வருஷம் கிராம சுகாதார நர்ஸா இருந்தவ. கரும்பு வெட்டுறவங்க, சூளைக்கு போறவங்க, சாக்கடை அள்ளுறவங்கன்னு எத்தனையோ புள்ளத்தாச்சிங்களை பாத்திருக்கேன். பொம்பளைங்க குடிப்பாங்களான்னு வாயை பொளக்குறவங்க இன்னும் இருக்காங்க, 2024 ஜூன்ல கள்ளக்குறிச்சில விஷச் சாராயத்துல 60 பேருக்கு மேல செத்தாங்களே அதுல பொம்பளைங்களும் உண்டு. உடம்பு வலிக்கு, நாத்தம் தெரியாம இருக்க, புருஷன் ஊத்திக் குடுத்தான் வேணாம்னா அடி விழும்னு, இப்படித்தான் ஆரம்பிக்குது. ஜாலிக்கு குடிச்சேன்னு எங்கிட்ட ஒருத்திகூட சொன்னதில்ல.

நான் பண்ண ஒரு தப்பை சொல்றேன், இன்னைக்கும் மனசுல கிடக்குது. வேலைக்கு சேந்து நாலஞ்சு வருஷம் இருக்கும், செவ்வாய்க்கிழமை கர்ப்பிணிங்க செக்கப், கூட்டம் அள்ளுது. ஒரு பொண்ணு, ரெண்டாவது பிரசவம், ரத்த அளவு (ஹீமோகுளோபின்) 7.6 தான், இரும்புச்சத்து மாத்திரை குடுத்தும் ஏறல. புடவைய சரி பண்ணும்போது இடுப்புல இருந்து ஹான்ஸ் புகையிலை பாக்கெட் கீழ விழுந்துச்சு. நான் அதை கையில எடுத்து எல்லார் முன்னாடியும் தூக்கிக் காட்டி, புள்ளைய கொல்லப் போறியாடின்னு கத்திட்டேன். அவ மாமியார் பக்கத்துல நிக்கிறாங்க. அந்த பொண்ணு ஒரு வார்த்தை பேசல, கீழ்உதட்டுக்குள்ள அடக்கி வச்சிருந்ததை அப்படியே முழுங்கிட்டா. அதுக்கப்புறம் செக்கப்புக்கே வரல. வீட்டுக்கு போனா உள்ள இருந்துக்கிட்டே இல்லன்னு சொல்ல வைப்பா. எட்டாம் மாசம் வலி வந்து தூக்கிட்டு வந்தாங்க, குழந்தை 1.6 கிலோ, பொழைச்சுது, ஆனா ரொம்ப நாள் பெரிய ஆஸ்பத்திரில வச்சு காப்பாத்துனோம். புகையிலையால எடை குறையும், முன்கூட்டியே பொறக்கும், வயித்துலயே இறந்துபோறதும் உண்டு, அது உண்மைதான். ஆனா அந்த பொண்ணு நாலு மாசம் ஆஸ்பத்திரி பக்கமே வராம போனதுக்கு காரணம் புகையிலை இல்ல, நான்தான்.

அதுக்கப்புறம் நான் கேக்குற விதத்தையே மாத்திக்கிட்டேன். கூட வந்தவங்களை சீட்டு வாங்க அனுப்பிட்டு, தனியா உக்காந்து, மசக்கைக்கு வாய்ல என்ன போட்டுக்குறன்னு ஆரம்பிப்பேன். வெத்தலை பாக்குன்னு வரும், அப்புறம் அதோட கொஞ்சம் புகையிலைன்னு வரும், எத்தனை தடவை, தூங்கும்போதும் உண்டான்னு கேட்டா அவங்களே சொல்வாங்க. சாயங்காலம் அலுப்புக்கு வீட்டுக்காரர் எடுத்துக்குவாரா, நீயும் கூட கொஞ்சம் எடுத்துப்பியான்னு கேட்டா பாதிப் பேர் தலையாட்டுவாங்க. ஒவ்வொரு செக்கப்லயும் எல்லா கர்ப்பிணிகிட்டயும் கேக்கணும், இவ கேக்க வேண்டியவ இவ கேக்க வேண்டாதவன்னு மூஞ்சிய பாத்து முடிவு பண்ணக் கூடாது.

இப்போ உங்க பயத்துக்கு வர்றேன். குடிக்கிறேன்னு டாக்டர்கிட்ட சொன்னா கேஸ் எதுவும் கிடையாது. குடிப்பழக்கம், போதைப்பழக்கத்துனால வர்ற பிரச்சனையும் 2017 மனநலப் பாதுகாப்புச் சட்டத்துக்குள்ள வருது, நோயாளி சொன்னதை ரகசியமா வச்சுக்கணும்னு அதுலயே இருக்கு. இன்னொன்னு முக்கியமா, மனநல சிகிச்சைல இருக்குற அம்மாகிட்ட இருந்து 3 வயசுக்கு கீழ உள்ள குழந்தையை சாதாரணமா பிரிக்கக் கூடாதுன்னு அதே சட்டத்துல 21வது பிரிவுல எழுதியிருக்கு. கஞ்சா, ஊசி மாதிரி தடை பண்ண பொருளா இருந்தாக்கூட, தானா முன்வந்து சிகிச்சை எடுத்துக்குறவங்களுக்கு போதைப்பொருள் சட்டத்துல 64ஏ பிரிவுன்னு ஒரு பாதுகாப்பு இருக்கு. கர்ப்பிணிங்களுக்கு முத்துலட்சுமி ரெட்டி மகப்பேறு திட்டத்துல வர்ற உதவியும் இதுக்காக நிக்காது, ரெண்டுக்கும் சம்பந்தம் இல்ல.

சட்டத்தை காட்டி மிரட்டினா என்ன ஆகும்னு வேற ஊர்ல பாத்தாச்சு. அமெரிக்காவுல டென்னசி மாநிலத்துல 2014ல கர்ப்பத்துல போதைப்பொருள் எடுத்த அம்மாவை கைது பண்ணலாம்னு சட்டம் போட்டாங்க, பொண்ணுங்க பயந்து செக்கப்புக்கு வராம ஒளிய ஆரம்பிச்சாங்க, 2016ல அந்த சட்டத்தை நீட்டிக்காம விட்டுட்டாங்க. எங்க ஊர்ல நான் கத்தினதும் அவங்க ஊர்ல சட்டம் போட்டதும் கடைசில ஒரே இடத்துலதான் வந்து நின்னுச்சு.

டாக்டர்கிட்ட உண்மையை சொல்றதுக்கு இன்னொரு காரணமும் இருக்கு. மாசம் ஏறினப்புறம் ஒரு கர்ப்பிணிக்கு வலிப்பு வந்தா டாக்டருக்கு முதல்ல பிரஷர்னால வர்ற வலிப்புன்னுதான் தோணும், அதுக்கு மருந்து வேற. குடியை நிறுத்தினதால வந்துச்சுன்னு தெரிஞ்சாத்தான் சரியான வைத்தியம் நடக்கும்.

குடி மட்டும் இல்ல, வலி மாத்திரை பழக்கமும் இன்னைக்கு சின்ன வயசு பசங்ககிட்ட பரவிக் கிடக்கு, அதுல பொண்ணுங்களும் மாட்டுறாங்க. நான் ரிடையர் ஆகுறதுக்கு முன்னாடி 21 வயசுல ஒரு பொண்ணு, புருஷன் டேபெண்டடால்னு ஒரு வலி மாத்திரையை கரைச்சு ஊசில ஏத்துறவன், இவளுக்கும் பழக்கி விட்டுட்டான். அவளும் உடனே நிறுத்திடுறேன் அக்கான்னு அழுதா. நிறுத்தாத, முதல்ல டாக்டரை பாப்போம்னு நான் சொன்னதும் அப்படியே என் மூஞ்சிய பாத்தா. அந்த வகை மருந்துக்கு பழகினவங்க கர்ப்பத்துல திடீர்னு நிறுத்தினா கர்ப்பத்துக்கே சிக்கல் வரலாம், திரும்ப அதுக்கே போயிடுறவங்கதான் அதிகம். அதனால அதுக்குப் பதிலா நாக்குக்கு அடியில வைக்கிற புப்ரினார்பின் மாத்திரையை டாக்டர் கண்காணிப்புல பிரசவம் வரைக்கும் அதுக்கப்புறமும் குடுத்தாங்க. தேசிய எய்ட்ஸ் கட்டுப்பாட்டு அமைப்போட ஓஎஸ்டி சென்டர்ல, அதாவது ஊசி போதைக்கு மாற்று மருந்து குடுக்குற இடத்துல, இது இலவசம். ஊசியை பகிர்ந்திருந்தா ஹெச்ஐவி, மஞ்சக்காமாலை டெஸ்ட்டும் கண்டிப்பா எடுக்கணும்.

அந்த பொண்ணுக்கு குழந்தை பொறந்து ரெண்டாவது நாள், வயித்துல பழகின மருந்து நின்னுபோனதால குழந்தைக்கு தவிப்பு ஆரம்பிச்சுது. கீச்சுன்னு ஒரு அழுகை, சாதாரண குழந்தை அழுகை இல்ல அது, விடாம தும்மல், கை கால் உதறல், குதிகாலை துணில தேச்சு தேச்சு தோல் செவந்து போச்சு. நர்ஸ் ஒருத்தங்க இதெல்லாம் ஒரு அம்மாவான்னு அவ காதுபடவே சொன்னாங்க, எனக்கு கோபம் வந்துச்சு. டாக்டரம்மா வந்து குழந்தையை தனி அறைக்கு தூக்காம அம்மா நெஞ்சுலயே போட்டாங்க, லைட்டை குறைச்சு, தாய்ப்பால் குடுக்கச் சொல்லி, குழந்தை சாப்பிடுதா தூங்குதா அழுதா சமாதானம் ஆகுதான்னு மட்டும் பாத்துக்கிட்டே இருந்தாங்க. அந்த பொண்ணு ராத்திரி முழுக்க சுவத்துல சாஞ்சு புடவைக்குள்ள குழந்தையை சுத்தி வச்சுக்கிட்டு உக்காந்திருந்தா, காலைல நான் போனப்ப, அக்கா மூணு மணி நேரம் தூங்குச்சுன்னு சொன்னா. அவ்வளவு சந்தோஷம் அந்த மூஞ்சில.

உங்க அக்கா விஷயத்துல குழந்தைக்கு ஏற்கனவே ஏதாவது ஆகியிருக்குமோன்னு நீங்க கேக்கல, ஆனா அக்கா மனசுல அதுதான் ஓடும். கர்ப்பத்துல குடிக்கிறதுக்கு பாதுகாப்பான அளவுன்னு ஒன்னு கிடையாது, குழந்தையோட வளர்ச்சி, மூளை, முகம் வரைக்கும் பாதிக்கலாம், 1973ல இருந்து இதுக்கு தனிப் பேரே வச்சு மருத்துவ உலகம் பேசுது. அதே சமயம் மூளை பிரசவம் வரைக்கும் வளந்துக்கிட்டேதான் இருக்கும், நாலாம் மாசத்துல நிறுத்தினாலும் அதுல இருந்து குழந்தைக்கு லாபம்தான். ஸ்கேன்ல எல்லாம் தெரியாது, அதனால ஸ்கேன் நார்மல்னா விட்டுடாம பொறந்தப்புறம் குழந்தை டாக்டர்கிட்ட இந்த விவரத்தை சொல்லி வளர்ச்சியை பாக்கச் சொல்லுங்க.

வீட்ல உள்ளவங்க பண்ற ஒரு வேலை எனக்கு வயித்தெரிச்சலா இருக்கும், குடியை நிறுத்துற பவுடர்னு வாங்கி அவங்களுக்கே தெரியாம சாம்பார்ல கலக்குறது. அதுல டைசல்ஃபிராம் இருந்தா கர்ப்பத்துல குடுக்கக் கூடாத மருந்து அது, அதுக்கு மேல குடிச்சுட்டா பிரஷர் இறங்கி ஆளே சாஞ்சிடலாம். அம்மா கோயில்ல கயிறு கட்டணும்னா கட்டட்டும், நான் வேணாம்னு சொல்ல மாட்டேன், கயிறும் இருக்கட்டும் ஆஸ்பத்திரி சீட்டும் இருக்கட்டும். தனியார் போதை மீட்பு மையம்னு விளம்பரம் பாத்து சேக்குறதுக்கு முன்னாடி பொம்பளைங்களுக்கு தனி வார்டு இருக்கா, பிரசவ டாக்டர் வந்து பாப்பாங்களான்னு கேளுங்க, நிறைய இடம் ஆம்பளைங்களுக்குன்னே நடக்குது. சென்னைல டிடிகே ஆஸ்பத்திரின்னு எல்லாரும் சொல்றது சாந்தி ரங்கநாதன் அம்மா 1980ல ஆரம்பிச்சது, அவங்க சொந்தப் புருஷனை குடிக்கு பறிகொடுத்துட்டு ஆரம்பிச்சாங்க. எங்க போறதுன்னு தெரியலன்னா 14446க்கு போன் பண்ணுங்க, போதை மீட்புக்கான தேசிய உதவி எண், இலவசம்.

உங்க மாமாவை விட்டுடாதீங்க. அவர் வீட்ல பாட்டிலை வச்சுக்கிட்டு அக்கா மட்டும் விடணும்னா நடக்காது, அவருக்கும் சேத்து ஓபி சீட்டு போடுங்க. அடிக்கிறார்னா அக்கா பிரசவம் வரைக்கும் அம்மா வீட்லயே இருக்கட்டும், 181னு பெண்கள் உதவி எண் இருக்கு. நடுவுல ஒரு நாள் அக்கா திரும்ப குடிச்சுட்டான்னா அன்னைக்கும் திட்டாதீங்க, அடுத்த செக்கப்புக்கு கூட போங்க, அது ஒன்னு விடாம நடந்தா போதும் எனக்கு.

இன்னைக்கு போகும்போது கர்ப்பிணி கார்டை எடுத்துக்கோங்க. கடைசியா எப்போ குடிச்சா, என்ன சரக்கு, எவ்வளவு, முன்னாடி எப்பவாவது வலிப்பு வந்திருக்கான்னு ஒரு பேப்பர்ல எழுதி வச்சுக்கோங்க, பதட்டத்துல மறந்து போகும். வழியில வலிப்பு வந்தா கையில சாவி குடுக்காதீங்க, வாய்ல எதுவும் வைக்காதீங்க, இடது பக்கமா ஒருக்களிச்சு படுக்க வச்சு 108க்கு அடிங்க. உள்ள போனதும் அக்கா பக்கத்துல நீங்க நில்லுங்க, அம்மா கொஞ்சம் வெளிய உக்காரட்டும். அட்மிட் ஆனதும் இங்க கமெண்ட்ல ஒரு வார்த்தை போடுங்கம்மா, நான் பாத்துக்கிட்டே இருப்பேன்.