செய்திக்குச் சொந்தக்காரர் யார்?

மஸ்கெலியாவிலிருந்து ஓர் ஆசிரியை: ஐயா, இலங்கையில் தமிழில் இத்தனை வானொலிகளும் தொலைக்காட்சிகளும் இருக்கும்போது செய்திப் பன்மைக்கு, அதாவது பல தரப்புக் குரல்கள் கேட்பதற்கு, என்ன குறை?

பெயர்களை எண்ணாதீர்கள், உரிமையாளர்களை எண்ணுங்கள். தமிழ் அலைவரிசையான சக்தியும் சிங்கள அலைவரிசையான சிரசவும் ஒரே குழுமத்தைச் சேர்ந்தவை. தமிழ்ச் சூரியனும் சிங்கள ஹிருவும் அப்படியே ஒரே நிறுவனத்துக்குரியவை. நான் பிராந்திய நிருபராக இருந்தபோது, அடைமழையில் தோட்டத் தொழிலாளர் குடியிருக்கும் லயத்தின் பின்சுவர் சரிந்து, எட்டுக் குடும்பங்கள் கோயில் மண்டபத்தில் ஈரப் பாய்களோடு படுத்திருந்ததை எழுதி அனுப்பினேன். தோட்டக் கம்பனி விளம்பரம் தருகிறது என்று பத்திரிகை அதைப் போடவில்லை. அதே முதலாளியின் வானொலியும் வாசிக்கவில்லை. ஓரிடத்தில் மூடிய கதவு இரண்டு இடத்திலும் மூடிக்கொண்டது. அந்த மக்களின் முகம் இன்றும் எனக்கு மறக்கவில்லை.

பொகவந்தலாவையிலிருந்து ஓர் இளைஞர்: ஒருவர் இத்தனை ஊடகங்களைத்தான் வைத்திருக்கலாம் என்று சட்டம் உண்டா?

இல்லை. பத்திரிகை, வானொலி, தொலைக்காட்சி மூன்றையும் ஒருவரே வைத்திருப்பதைத் தடுக்கும் சட்டம் இலங்கையில் கிடையாது. 1839ஆம் ஆண்டின் பத்திரிகைகள் கட்டளைச் சட்டம் அச்சிடுபவரும் வெளியிடுபவரும் தம்மைப் பதிவுசெய்யக் கேட்கிறது, அவ்வளவுதான். ஒலிபரப்புக்கு 1966ஆம் ஆண்டின் சட்டமும் ஒளிபரப்புக்கு 1982ஆம் ஆண்டின் சட்டமும் இருக்கின்றன. ஆனால் இவற்றின்படி தனியாருக்கு அனுமதிப்பத்திரம் வழங்குபவர் அமைச்சர். அரசியல்வாதி கொடுப்பதை அரசியல்வாதியே பறிக்கவும் முடியும் என்ற அச்சம் செய்தி அறைக்குள் எப்போதும் உட்கார்ந்திருக்கும். ஒலி, ஒளிபரப்பு அதிகாரசபைச் சட்டமூலத்தை ஆராய்ந்த உயர் நீதிமன்றம், அலைவரிசைகள் பொதுச்சொத்து என்றும், அவற்றை ஒழுங்குபடுத்தும் அமைப்பு அரசின் பிடியில் இருக்கக்கூடாது என்றும் 1997இல் தீர்ப்பளித்தது. எனக்கு மிகவும் பிடித்த தீர்ப்பு அது. அப்படியோர் அமைப்பு பிறக்காததே என் மனக்குறை.

நானுஓயாவிலிருந்து ஒரு வாசகர்: தினகரன் அரசுப் பத்திரிகையா?

ஆம். 1973இல், தினகரனை வெளியிடும் லேக் ஹவுஸ் நிறுவனத்தின் 75 வீதப் பங்குகளைச் சட்டம் அரசின் பொறுப்பில் கொண்டுவந்தது. அவை பிறகு மக்களிடையே பரவலாக்கப்பட வேண்டியவை, ஆனால் பரவலாக்கப்படவில்லை.

ஹட்டனிலிருந்து ஒரு மாணவி: நாங்கள் என்ன செய்யலாம்?

தங்கச்சி, பத்திரிகையின் கடைசிப் பக்கத்தின் அடியில், பொடி எழுத்தில் அச்சிட்டு வெளியிட்ட நிறுவனத்தின் பெயர் இருக்கும். அதைக் குறித்துக்கொண்டு, கம்பனிப் பதிவாளரிடம் கட்டணம் செலுத்தினால் பங்குதாரர் விபரம் கிடைக்கும். அலைவரிசை அனுமதி யாருக்கு, எந்த நிபந்தனையில் வழங்கப்பட்டது என்பதை 2016ஆம் ஆண்டின் தகவலறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் ஊடக அமைச்சின் தகவல் அலுவலரிடம் தமிழிலேயே எழுதிக் கேளுங்கள். தருவதா மறுப்பதா என்பதை அவர் 14 வேலை நாட்களுக்குள் அறிவித்தாக வேண்டும். மறுத்தால் மேன்முறையீடு செய்யுங்கள்; கடிதத்தின் பிரதி ஒன்றைக் கையில் வைத்திருங்கள்.