செத்த கிளிக்கும் லாஜிக் உண்டு

கேள்வி: பிரிட்டிஷ் காமெடிக் குழு மான்ட்டி பைத்தானின் ‘செத்த கிளி’ ஸ்கிட்டைத் தமிழாக்கிப் பள்ளி ஆண்டு விழாவில் போட்டோம். ஒருத்தரும் சிரிக்கவில்லை. லாஜிக் இல்லாத காமெடி தர்மபுரிக்காரர்களுக்குப் பிடிபடாதா? – ஒரு வாசகர், பாலக்கோடு

பதில்: முதலில், அது தருமபுரி. ‘ரு’வை விழுங்காதீர்கள் என்று இந்தப் பக்கத்தில் எத்தனை தடவைதான் எழுதுவது!

லாஜிக் இல்லையா? 1969-ல் பிபிசியில் வந்த அந்த ஸ்கிட்டில் பொய் ஒன்றே ஒன்றுதான்: வாங்கிய கிளி செத்துக் கிடக்கிறதென்று ஒருவர் திருப்பிக் கொண்டுவர, சாகவில்லை என்று கடைக்காரர் சாதிக்கிறார். மற்றதெல்லாம் சாமானைத் திருப்பித் தர வந்தவர் கடையில் போடும் வழக்கமான சண்டை. முதலில் அது கிளியே இல்லை, ஓட்டைக் கார். 1968-ல் கார் வியாபாரியை வைத்து எடுத்தார்கள். அப்புறம்தான் காரைத் தூக்கிவிட்டுக் கிளியை வைத்தார்கள்.

உங்கள் கடைக்காரருக்கு ஒட்டுமீசை, கோணல் தொப்பி, கீச்சுக்குரல் எல்லாம் கொடுத்திருப்பீர்கள். அவரே கோமாளி ஆகிவிட்டால் கிளிக்கு என்ன வேலை? அவர் கணக்கு நோட்டிலிருந்து தலை தூக்காமல் “தூங்குதுங்க” என்று சொல்ல வேண்டும். அடுத்த சாக்கு அசதி. அதற்கடுத்தது ஏகாதசி விரதம். மூன்று போதும், ஆனால் ஒன்றைவிட ஒன்று பெரிதாக இருக்க வேண்டும். வாங்கியவர் அதுவரை மரியாதையாகவே பேச வேண்டும். வந்ததும் கத்தினால் மேலே ஏற இடமில்லை. எல்லாம் நாலு நிமிடத்துக்குள். கீபோர்டுக்காரர் ‘டொய்ங்’ போட்டாரா? போட்டிருப்பார். இங்கே சிரிக்கலாம் என்று அனுமதி கொடுக்கும் அந்த ‘டொய்ங்’கை இந்தப் பக்கம் ஒருநாளும் மன்னித்ததில்லை.

முடிவு கிடைக்கவில்லையா, விடுங்கள். பைத்தான் குழுவில் ஒரு ராணுவ அதிகாரி உள்ளே வந்து, “அசட்டுத்தனம் அதிகமாயிடுச்சு, நிறுத்துங்க” என்கிற மாதிரி சொல்லி முடித்துவைப்பார். உங்களுக்குத் தலைமையாசிரியர் இருக்கிறார்.

அதுசரி, கிளிதான் வேண்டுமா? கிருஷ்ணகிரி மண்டியில் கிளிமூக்கு மாங்காய் கிடக்கிறதே! காய்ப்பது கிருஷ்ணகிரியில், பெயர் பெங்களூரா. இதைவிட அபத்தத்தை லண்டனிலா தேடுவது? ஈ மொய்க்க அழுகிச் சொட்டும் பழத்தைத் திருப்பிக் கொண்டுவருகிறார் ஒருவர். “இன்னும் காய்தாங்க, நாலு நாள் வைக்கோல்ல வைங்க” என்கிறார் மண்டிக்காரர்.

கிளிமூக்கைக் காயாகவே கீறி உப்பும் மிளகாய்த்தூளும் தடவித் தின்பதுதான் முறை. பழுத்தால் கூழ் ஃபேக்டரிக்கு அனுப்பிவிட வேண்டும். பழம்தான் ருசி என்று வாதாடும் ஓசூர் அன்பர் இந்த வாரமும் நாலு பக்கம் எழுதியிருக்கிறார். போட இடமில்லை.