வடிவு என்றால் டிசைனா?

கேள்வி: அம்மா, எனக்கு வயது 27. வீடு திருவொற்றியூர் தேரடிப் பக்கம். பழைய மகாபலிபுரம் சாலையில் ஒரு கம்பெனியில் வேலை. என் பெயர் வடிவுடைநாயகி. இரண்டு முறை கரு கலைந்த பிறகு அம்மா கோயிலில் வேண்டிக்கொண்டு வைத்த பெயர். பள்ளிக்கூடத்தில் "வடிவேலு தங்கச்சி" என்பார்கள். இப்போது ஆபீஸில் வடக்கத்தி மேனேஜர் பாதியாகச் சுருக்கி "வாடி" என்று கூப்பிடுகிறார், பக்கத்து சீட்காரர்கள் சிரிக்கிறார்கள். என் பெயரைக் கூகுளில் மொழிபெயர்த்தால் "டிசைன்" என்று வருகிறது. தை மாதம் கல்யாணம். பத்திரிகையிலேயே மாடர்னாக ஒரு பெயர் போட்டு, அப்படியே கெஜட்டிலும் மாற்றிவிடலாம் என்கிறார் மாப்பிள்ளையின் அக்கா. அம்மா ஒன்றும் சொல்லவில்லை, ஆனால் இரண்டு நாளாகச் சரியாகப் பேசவில்லை. என் பெயருக்கு உண்மையான அர்த்தம் என்ன? தமிழா, வடமொழியா? மாற்றலாமா? பெயர் வெளியிட வேண்டாம்.

பதில்: அன்பு வடிவுக்கு,

பெயர் வெளியிட வேண்டாம் என்கிறாய். பிரச்சினையே பெயர்தான், அதைப் போடாமல் நான் என்ன பதில் எழுதுவது? உன் ஊரில் ஒரு தெருவுக்கு ஒரு வடிவாவது இருப்பாள், அதனால் யாரும் உன்னைக் கண்டுபிடிக்கப் போவதில்லை. அப்புறம், என் மகள் வயசுக்காரிக்கு "நீங்கள்" போட்டு எழுதக் கை வரவில்லை. கோபித்துக்கொள்ளாதே.

முதலில் அந்த "டிசைன்" விவகாரம். கூகுள் பொய் சொல்லவில்லை, பாதி சொல்லியிருக்கிறது. வடிவு என்றால் உருவம், அமைப்பு. அழகு என்றும் பொருள். இந்த இரண்டும் ஒரே சொல்லில் எப்படி வந்து உட்கார்ந்தன என்பதுதான் சுவாரஸ்யம். "வடி" என்ற வினையை நம் வீட்டில் எங்கெல்லாம் சொல்கிறோம் என்று பார். சோறு வடிக்கிறோம். சிற்பி சிலை வடிக்கிறான். தெற்கே பாம்படம் போட்ட பாட்டிகள் காது வடித்துக்கொண்டவர்கள். புறநானூற்றில் பொன்முடியார் பாட்டு பள்ளிக்கூடத்தில் படித்திருப்பாய், "வேல் வடித்துக் கொடுத்தல் கொல்லற்குக் கடனே" என்று வருமே, அதே வடி. வேண்டாததை இறக்கி, இழுத்து, தீட்டி, ஒரு பொருளை அது இருக்க வேண்டிய மாதிரிக்குக் கொண்டுவருவது. அப்படி வந்து நிற்பது வடிவு. பானை வனைந்தவனுக்கும் சிலை செதுக்கியவனுக்கும் உருவம் சரியாக அமைவதே அழகு. அங்கேயிருந்துதான் சொல்லுக்கு அழகு என்ற பொருளும் வந்தது.

நம் ஆட்கள் மட்டும் இப்படி யோசிக்கவில்லை. வடமொழியில் ரூபம் என்றால் உருவம், ரூபவதி என்றால் அழகி. லத்தீனில் ஃபோர்மா என்றால் வடிவம். அதிலிருந்து பிறந்த போர்த்துக்கீசியச் சொல் ஃபோர்மோசா, அழகானது என்று அர்த்தம். தைவான் தீவைப் பார்த்து அவர்கள் வைத்த பெயர் அது. ஒரு நாட்டுக்கே வடிவு என்று பெயர் வைத்திருக்கிறார்கள், பார்! உன் ஆபீஸில் ரூபா என்று யாராவது இருந்தால், அவளுடைய பெயரும் உன்னுடையதும் அர்த்தத்தில் ஒன்றுதான். ரூபாவை யாரும் கிண்டல் பண்ணுவதில்லை, உன்னைப் பண்ணுகிறார்கள். இதில் அர்த்தத்தின் குற்றம் எதுவும் இல்லை.

இலங்கைத் தமிழர்கள் பேசிக் கேட்டிருக்கிறாயா? நமக்கு அருகிலேயே புழலிலும் கும்மிடிப்பூண்டியிலும் முகாம்கள் இருக்கின்றன. அவர்கள் "அழகு" என்று நாம் சொல்லும் இடத்தில் "வடிவு" என்பார்கள். "பிள்ளை நல்ல வடிவு" என்றால் குழந்தை ரொம்ப அழகு. அதோடு நிற்காது. "வடிவாக் கேள்" என்றால் நன்றாக, கவனமாகக் கேள். "வடிவாச் சாப்பிடு" என்றால் வயிறாரச் சாப்பிடு. ஒருமுறை அங்கே ஓர் அம்மா எனக்கு வழி சொல்லிவிட்டு, "வடிவாப் பாத்துப் போங்கோ" என்றார். சாலையில் அழகாகப் பார்த்துப் போக என்ன இருக்கிறது என்று பேந்தப் பேந்த முழித்தேன். இங்கே நாம் பெயரிலும் புத்தகத்திலும் மட்டும் வைத்திருக்கும் சொல்லை அவர்கள் இன்னமும் தினமும் புழங்குகிறார்கள்.

தமிழா வடமொழியா என்று கேட்டாய். வடிவு தமிழ். தொல்காப்பியத்தில் ஐந்தாம் வேற்றுமை சொல்லும் இடத்தில் "வண்ணம் வடிவே அளவே சுவையே" என்று ஒரு சூத்திரம் வருகிறது. பெரியாழ்வார் பல்லாண்டு பாடும்போது திருமகளை "வடிவாய் நின் வலமார்பினில் வாழ்கின்ற மங்கை" என்கிறார். அடுத்து "உடை". இது உடுத்துகிற உடை இல்லை, உடைய என்பதன் உடை. கடைசியில் வரும் நாயகி மட்டும் வடமொழி வழியாக வந்தது. அழகை உடைய தலைவி, அவ்வளவுதான். நாயகியை எடுத்துவிட்டு வடிவுடையாள் என்றால் முழுக்கத் தமிழாகிவிடும். வடிவம்மாள், வடிவாம்பாள், வடிவழகி, வடிவுக்கரசி எல்லாம் ஒரே வீட்டுப் பெண்கள்.

வடிவேலு உன் அண்ணன் இல்லை. வடிவேல் என்றால் வடித்த வேல், தீட்டிக் கூர்மையாக்கிய வேல். வினை ஒன்றுதான், ஆனால் அது வேலுக்கு வந்த கூர்மை, உன்னுடையது உருவத்துக்கு வந்த அழகு. வேண்டுமானால் ஒன்றுவிட்ட அண்ணன் என்று வைத்துக்கொள்.

சரி, அகராதியை மூடுவோம். உன் அம்மா அகராதி பார்த்து இந்தப் பெயரை வைக்கவில்லையே.

திருவொற்றியூர்க் கோயிலில் இருக்கும் வடிவுடையம்மன் யார் என்று தேரடிக்காரிக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. ஆனால் அந்தப் பெயர் அம்மனோடு எப்படி ஒட்டிக்கொண்டிருக்கிறது என்பதைச் சொல்கிறேன். அவளுக்கு இன்னொரு பெயர் திரிபுரசுந்தரி. கர்நாடக சங்கீதத் தியாகராஜர், சீடர் வீணை குப்பையர் அழைத்து ஒற்றியூருக்கு வந்தபோது அவள் மேல் ஐந்து கீர்த்தனைகள் பாடினார். தெலுங்கில் பாடியவருக்கு அவள் சுந்தரி. தமிழில் பாடிய வள்ளலாருக்கு வடிவு. அழகி என்பதைத்தான் இரண்டு பேரும் சொன்னார்கள்.

வள்ளலார் சிறு வயதிலேயே குடும்பத்தோடு சென்னைக்கு வந்து, ஏழுகிணறு வீராசாமித் தெருவில் வளர்ந்தவர். 1858இல் சிதம்பரம் பக்கம் கிளம்பும் வரை அவருக்கு ஒற்றியூர்தான் கதி. அங்கிருந்து நடந்தே உன் ஊர்க் கோயிலுக்கு வந்து போவார். ஒரு நாள் இரவு வெகுநேரமாகிவிட்டது, வீட்டுக் கதவு தாழிட்டிருக்கிறது. அண்ணியை எழுப்ப மனசில்லாமல் பசியோடு திண்ணையில் படுத்துவிட்டார். அண்ணி வந்து எழுப்பிச் சோறு போட்டார். சாப்பிட்டுவிட்டுத் தூங்கிப் போனார். கொஞ்ச நேரத்தில் கதவைத் திறந்துகொண்டு அண்ணி மறுபடி வந்து, "சாப்பிட வா" என்கிறார். முதலில் வந்தது யார் என்று அப்போதுதான் புரிந்ததாம். அந்த அம்மன் மேல் அவர் பாடியதுதான் வடிவுடை மாணிக்க மாலை. 101 பாட்டு, ஒவ்வொன்றும் "வடிவுடை மாணிக்கமே" என்று முடியும். மாப்பிள்ளையின் அக்கா சொன்ன பெயரை 101 தடவை கூப்பிட்டுப் பார், வாய் வலிக்கும்.

(இது கொஞ்சம் அநியாயமான கிண்டல்தான். அந்த அக்கா நல்ல மனசோடுதான் சொல்லியிருப்பார்.)

அப்புறம், உன் அம்மனுக்கு இரண்டு சகோதரிகள் உண்டு என்பது உனக்கே தெரியும். மீஞ்சூரை அடுத்த மேலூரில் திருவுடையம்மன், வட திருமுல்லைவாயிலில் கொடியிடையம்மன். வெள்ளிக்கிழமையும் பௌர்ணமியும் சேர்ந்து வந்தால், காலையில் மேலூர், உச்சிவேளையில் ஒற்றியூர், சாயங்காலம் முல்லைவாயில் என்று ஒரே நாளில் மூன்று பேரையும் பார்க்கக் கூட்டம் அலைமோதும். நிறையப் பேர் "கொடியுடை அம்மன்" என்று சொல்கிறார்கள். அது தப்பு, கொடி போன்ற இடை, கொடியிடை. திருவுடையும் வடிவுடையும்தான் "உடை". மூன்று சிலைகளும் ஒரே சிற்பியின் கையில் பிறந்தவை என்று ஒரு கதை சொல்வார்கள். கதையோ நிஜமோ, வடித்ததால் வடிவு என்று மேலே சொன்னேனே, அது இங்கே வந்து பொருந்துவது எனக்குப் பிடிக்கும்.

இப்போது கிண்டல் விஷயம். நம் வட சென்னைக்காரர்கள் வாயில் விழுந்த பெயர் எதுவும் முழுசாக வெளியே வந்ததில்லை. நீ தினமும் தாண்டிப் போகிற காலடிப்பேட்டையையே எடுத்துக்கொள். யாருடைய காலடியும் அங்கே இல்லை. 1717 முதல் 1720 வரை சென்னையில் கவர்னராக இருந்த ஜோசப் கோலெட் நெசவாளர்களைக் குடிவைத்த இடம், அதனால் கோலெட் பேட்டை. நம் வாய் அதைக் காலடியாக்கிவிட்டது. ஒரு கவர்னரையே காலடியில் போட்ட ஊர்க்காரி, "வாடி" என்று சுருக்கும் மேனேஜருக்குப் பயப்படலாமா? அவருக்கு அந்தச் சொல்லின் அர்த்தம் தெரிந்திருக்க வாய்ப்பில்லை. ஒரு நாள் தனியாகக் கூப்பிட்டு, "சார், தமிழில் இப்படிப் பெண்ணைக் கூப்பிடுவது மரியாதை இல்லை, வடிவு என்று சொல்லுங்கள், மூன்றே எழுத்து" என்று சொல். பாதிப் பிரச்சினை அங்கேயே முடியும். சிரிக்கிறவர்கள் தமிழ் தெரிந்தவர்கள். சொல்லிக் கொடுக்காமல் வேடிக்கை பார்த்த அவர்கள் மேல்தான் எனக்குக் கோபம்.

மாப்பிள்ளை என்ன நினைக்கிறார்? அவரைப் பற்றி நீ ஒரு வரிகூட எழுதவில்லை. அக்கா சொன்னது இருக்கிறது, அம்மா சொல்லாதது இருக்கிறது, அவர் மட்டும் கடிதத்தில் இல்லை. இதே ஒற்றியூரில் ஒரு கல்யாணம் நடந்தது, பெரியபுராணத்தில் இருக்கிறது. கோயிலில் பூக்கட்டிக்கொண்டிருந்த பெண்ணைச் சுந்தரர் பார்த்து ஆசைப்பட்டார். அவள் பெயர் சங்கிலி. உன் பெயரைவிடக் கிண்டலுக்கு வசதியான பெயர். அதை மாற்றச் சொல்லி அவர் கேட்டதாக எங்கும் இல்லை. "உன்னைப் பிரிய மாட்டேன்" என்று மகிழமரத்தடியில் சத்தியம் பண்ணிக் கட்டிக்கொண்டார். அப்புறம் சத்தியத்தை மீறித் திருவாரூருக்குக் கிளம்பியவருக்கு ஊர் எல்லையிலேயே கண் போயிற்று. மாசித் திருவிழாவில் மகிழடி சேவை பார்க்கும்போது மாப்பிள்ளையையும் கூட்டிப் போய் இந்தக் கதையைச் சொல். மிரட்டச் சொல்லவில்லை, சும்மா தெரிந்துகொள்ளட்டும்.

மாற்றலாமா என்றால், சட்டப்படி தாராளமாக மாற்றலாம். 27 வயசுப் பெண்ணின் பெயர் அவளுடையது. அரசிதழில் வந்துவிட்டால் வேலை முடிந்தது என்று மட்டும் நினைக்காதே. ஆதார், பான், பாஸ்போர்ட், வங்கிக் கணக்கு என்று ஒவ்வொரு வாசலாக ஏறி இறங்க வேண்டும், பழைய மார்க் ஷீட்டோடு அரசிதழையும் சேர்த்தே சுமக்க வேண்டும். அதைவிட அவசரமான விஷயம் பத்திரிகை. கல்யாணத்தைப் பதிவு செய்யப் போகும்போது அழைப்பிதழையும் கேட்பார்கள். அதில் ஒரு பெயர், ஆதாரில் இன்னொரு பெயர் என்றால் கல்யாணமான முதல் மாதமே அலைச்சல்தான். ஆகவே தை மாதத்துக்குள் எதையும் மாற்றாதே. பத்திரிகையில் வடிவுடைநாயகி என்றே போகட்டும். மாற்றுவதாக இருந்தாலும் ஒரு வருஷம் கழித்து, யாரும் அவசரப்படுத்தாத ஒரு நாளில் உட்கார்ந்து நீ முடிவு பண்ணு.

என் அபிப்பிராயம் கேட்டால், மாற்ற மாட்டேன். அகராதியில் நல்ல அர்த்தம் இருக்கிறது என்பதற்காக இல்லை. நல்ல அர்த்தமுள்ள பெயர்கள் ஆயிரம் கிடைக்கும், கடையில் புத்தகமே விற்கிறது. உன்னுடையது அப்படிப் பொறுக்கி எடுத்தது இல்லை, ஒரு குறிப்பிட்ட கோயிலில், ஒரு குறிப்பிட்ட பயத்தோடு நின்ற ஒருத்தி வாங்கி வந்தது. சொல்லிப் பார்த்தால் ஊரும் தெரிகிறது, அம்மாவும் தெரிகிறாள். ஆனால் அந்த வேண்டுதல் உன் அம்மாவுடையது, கிண்டலைத் தாங்கினது நீ. அதனால் என் அபிப்பிராயத்தை நீ கேட்டே ஆக வேண்டும் என்று இல்லை.

அம்மாவிடம் இன்றைக்கே பேசு. மாற்றப் போகிறேன், மாற்றவில்லை என்று ஆரம்பிக்காதே. "அன்றைக்குக் கோயிலில் என்னம்மா வேண்டிக்கிட்டே?" என்று கேள். இரண்டு கருவைப் பற்றி அவர் உன்னிடம் எவ்வளவு சொல்லியிருக்கிறாரோ எனக்குத் தெரியாது. கேட்டால் சொல்வார் என்று நினைக்கிறேன்.

பத்திரிகை அடித்ததும் எனக்கும் ஒன்று அனுப்பு, கட்டாயம் வருகிறேன். முகூர்த்தம் பௌர்ணமி வெள்ளியில் விழுந்தால் மட்டும் காலையில் மேலூரில் இருப்பேன். உச்சிவேளைக்கு எப்படியும் ஒற்றியூர் வந்தாக வேண்டும், கடைசிப் பந்திக்கு ஓர் இலை போட்டு வை.