விட்டோரியோ டி சேத்தா: கேட்டவர்களுக்குப் பதில்கள்

இத்தாலிய ஆவணப்படங்களைப் பற்றி எழுதியபோது இயக்குநர் விட்டோரியோ டி சேத்தாவின் பெயரை ஒரு வரியில் சொல்லிக் கடந்துவிட்டேன். அதற்குப் பிறகு வந்த கேள்விகளில் சிலவற்றுக்கு இங்கே பதில் சொல்கிறேன்.

சார், 'சைக்கிள் திருடர்கள்' எடுத்தவர்தானே இவர்?

இல்லை. அவர் டி சிகா, இவர் டி சேத்தா. இரண்டு பேருக்கும் விட்டோரியோ என்றே பெயர் வைத்துவிட்டார்கள், என்ன செய்வது! இவர் 1923-ல் சிசிலியின் பலெர்மோவில், வசதியான பிரபுக் குடும்பத்தில் பிறந்தவர். ரோமில் கட்டடக்கலை படித்தார். போரின்போது ஜெர்மானியர்களிடம் சிறைப்பட்டிருந்தார். முதல் படம் எடுக்கும்போது வயது முப்பது. படத்தில் வந்தவர்களோ மீனவர்கள், சுரங்கத் தொழிலாளிகள், ஆடு மேய்ப்பவர்கள். தன் வர்க்கத்துக்கு வெளியே இருந்தவர்களைத்தான் பெரும்பாலும் படம் பிடித்தார்.

அவருடைய குறும்படங்களில் அப்படி என்ன விசேஷம்? எல்லாம் பத்து நிமிடம்தானே?

பத்து நிமிடம் என்பது அவர் விரும்பி எடுத்த முடிவு மட்டுமல்ல. அந்தக் காலத்தில் இத்தாலியத் தியேட்டர்களில் பெரிய படத்தோடு சேர்த்து ஒரு குட்டி ஆவணப்படம் போடுவார்கள். அதற்கு அரசின் பண உதவியும் உண்டு. அதனால் கண்டதையும் சுருட்டி, மேலே ஒரு கனத்த குரலை ஓடவிட்டுக் காசு பார்த்தவர்கள் நிறைய. டி சேத்தா செய்த முதல் காரியம் அந்தக் குரலைத் தூக்கி எறிந்தது. 1954-லிருந்து 1959 வரை பத்துக் குறும்படங்கள் எடுத்தார். தொடக்கத்தில் இரண்டு வரி எழுத்து வரும், அவ்வளவுதான். அப்புறம் உங்களுக்கு விளக்கம் சொல்ல யாரும் வரமாட்டார்கள்.

'வாள்மீன் காலம்' என்ற படத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். இடம் சிசிலிக்கும் இத்தாலியின் தென்முனையான கலாப்ரியாவுக்கும் நடுவே உள்ள மெசினா நீரிணை. உயரத்தில் ஒருவன் கடலைப் பார்த்தபடி நிற்கிறான். கீழே படகில் துடுப்புக்காரர்கள் வெயிலில் சும்மா உட்கார்ந்திருக்கிறார்கள். ரொம்ப நேரம் எதுவும் நடப்பதில்லை. திடீரென்று மேலே இருந்து ஒரு கூச்சல். மீன் எந்தப் பக்கம் திரும்புகிறது என்று அவன் கத்தக் கத்த, படகு அந்தப் பக்கம் பாய்கிறது. படகின் முன்முனையில் எறியீட்டியோடு ஒருவன். ஷாட்டுகளின் நீளம் குறைந்துகொண்டே வரும், குரல்கள் ஏறிக்கொண்டே போகும். ஈட்டி இறங்குகிறது. வாள்மீன் பிடிப்பதைப் பற்றி ஒரு தகவல்கூட யாரும் சொல்லவில்லை. ஆனால் வேலை எப்படி நடக்கிறது என்று உங்களுக்கு முழுதாகத் தெரிந்துவிடும்.

குறும்படம் எடுக்கிறவன் நான். அந்தக் கால மெஷின்களை வைத்துக்கொண்டு ஒலியை எப்படிப் பதிவு செய்தார்?

நல்ல கேள்வி தம்பி. படமும் ஒலியும் ஒன்றாகப் பதிவாகவில்லை. கேமராவைத் தானே பிடித்தார். அதே இடத்தில், அதே ஆட்களின் பாட்டு, கூச்சல், கருவிகளின் சத்தம், காற்று எல்லாவற்றையும் டேப்பில் தனியாகப் பிடித்துக்கொண்டார். பிறகு எடிட்டிங் மேசையில் இரண்டையும் கோத்தார். அவர் படங்களில் உதட்டசைவோடு ஒட்டிய பேச்சு கிடையாது, ஆனால் இசைக்கு உள்ள ஒழுங்கு இருக்கிறது. கருப்பு வெள்ளையில் எடுத்தால்தான் உண்மை என்று பலர் நம்பிய நாளில் வண்ணத்தில் எடுத்தார். சிலவற்றை சினிமாஸ்கோப்பில். மலை, சுரங்கம் என்று அகலத் திரைக்குப் போன துணிச்சல் எனக்கு இன்றும் ஆச்சரியம். ஸ்ட்ரோம்போலி எரிமலைத் தீவில் எடுத்த 'நெருப்புத் தீவுகள்' 1955-ல் கான் திரைப்பட விழாவில் பரிசு வாங்கியது.

அழகாக இருக்கிறது, சரி. ஆனால் கந்தகச் சுரங்கத் தொழிலாளியின் கூலி என்ன, முதலாளி யார், மாஃபியா எங்கே? வறுமையை அழகாக்குகிறார் என்பது என் கருத்து.

பாதி ஒப்புக்கொள்கிறேன். கூலித் தகராறு இல்லை, சங்கம் இல்லை, மாஃபியா அறவே இல்லை. கோவேறு கழுதைகளைக் கொண்டு கதிரடிக்கும் அந்தக் கோதுமைப் படத்தில் நிலம் யாருடையது என்ற கேள்வியே எழாது. எழுந்திருக்க வேண்டும்.

ஆனால் 1959-ல் எடுத்த 'மறக்கப்பட்டவர்கள்' படத்தையும் பாருங்கள். கலாப்ரியாவில் அலெஸ்ஸாந்த்ரியா தெல் கார்ரெத்தோ என்ற மலைக்கிராமம். சாலை அதுவரை போகாமல் பாதியில் நின்றுவிடுகிறது. மிச்சத் தூரத்துக்குச் சாமான்களைச் சுமந்துகொண்டுதான் ஏற வேண்டும். அதே ஜனங்கள் திருவிழாவுக்காக ஒரு நெடுமரத்தை மலையிலிருந்து கயிறு கட்டி ஊர் கூடி இழுத்து வருகிறார்கள். சாலை போடாத அரசைப் பற்றி இதைவிடக் காட்டமாக என்ன சொல்ல முடியும்?

முழுநீளப் படங்களில் எதைப் பார்க்கலாம் அண்ணா?

'ஓர்கோசோலோவின் கொள்ளையர்' (1961). சார்டினியத் தீவின் பார்பாஜா மலைப்பகுதியில் எடுத்தது. அதே ஊர்ப்பக்கம் 1958-ல் இரண்டு குறும்படங்கள் எடுத்துப் பழகிய பிறகு, அங்குள்ள மேய்ப்பர்களையே நடிக்க வைத்தார்.

மிக்கேலே என்ற மேய்ப்பனின் கிடைக்குத் திருடர்கள் வந்து தங்குகிறார்கள். போலீஸ் வருகிறது, துப்பாக்கிச் சண்டையில் ஒரு காவலர் சாகிறார். பழி தன்மேல் விழும் என்று மிக்கேலே ஆடுகளை ஓட்டிக்கொண்டு தம்பியோடு மலையேறுகிறான். ஆடுகளோ கடனில் வாங்கியவை. தண்ணீரும் மேய்ச்சலும் இல்லாத மலையில் அவை ஒவ்வொன்றாகச் சரிந்து விழும் காட்சியில் வசனம் அதிகம் இல்லை. கடைசியில் அவன் துப்பாக்கியைக் காட்டி, தன்னைப் போன்ற இன்னொரு ஏழையின் ஆடுகளை ஓட்டிப் போகிறான். ஒரு மனிதன் எப்படிக் கொள்ளைக்காரன் ஆகிறான் என்பதற்குக் கணக்குப் போட்டுக் காட்டியதுபோல் இருக்கும். வெனிஸ் விழாவில் சிறந்த முதல் படத்துக்கான பரிசு கிடைத்தது. ஒரே குறை, மேய்ப்பர்களின் சொந்தக் குரலை எடுத்துவிட்டு இத்தாலிய மொழியில் டப்பிங் செய்திருக்கிறார்கள். ஒலிக்கு அவ்வளவு மெனக்கெட்டவர் படத்தில் இது உறுத்துகிறது.

அப்புறம் ஏன் காணாமல் போனார்?

போகவில்லை, திசை மாறினார். மன அழுத்தத்தில் சிக்கி, ஃபெலினிக்கும் சிகிச்சை தந்த எர்ன்ஸ்ட் பெர்ன்ஹார்ட் என்ற உளவியலாளரிடம் போனார். அதிலிருந்து வந்தது 1966-ன் 'பாதி மனிதன்'. நாயகன் ஜாக் பெரன் வெனிஸில் சிறந்த நடிகர் விருது வாங்கினார். எனக்கு அந்தப் படம் ஒட்டவில்லை. 1969-ல் பிரான்ஸில் எடுத்த படத்தைத் தவறவிட்டாலும் நஷ்டமில்லை.

நான் அரசுப் பள்ளி ஆசிரியை. பள்ளிக்கூடத்தைப் பற்றி ஏதோ எடுத்தாராமே?

டீச்சர், நீங்கள் கேட்காவிட்டால் நானே சொல்லியிருப்பேன். என்னைக் கேட்டால் அவருடைய ஆகச் சிறந்த வேலை அதுதான். 'ஓர் ஆசிரியரின் நாட்குறிப்பு', 1973-ல் இத்தாலிய அரசுத் தொலைக்காட்சியில் நான்கு பகுதிகளாக வந்தது. அல்பினோ பெர்னார்தினி என்ற ஆசிரியர் எழுதிய புத்தகம் அடிப்படை. ரோமின் விளிம்பில் உள்ள ஏழைக் குடியிருப்பு, அங்கே புதிதாக வரும் வாத்தியார். வாத்தியாராக வந்த புரூனோ சிரினோ நடிகர், பையன்கள் அந்தப் பகுதிப் பிள்ளைகள். நிஜமாகவே வகுப்பு நடக்கவிட்டு, கேமராவைக் கையில் தூக்கிக்கொண்டு பின்னாலேயே போனார்கள்.

பையன்கள் வகுப்புக்கு வருவதில்லை. வாத்தியார் தேடிப் போனால், வெளியே பல்லியினத்து ஓணான் மாதிரிப் பிராணிகளைப் பிடித்துக்கொண்டிருக்கிறார்கள். அடிக்கவில்லை, திட்டவில்லை. அதையே பாடமாக்குகிறார். பாடப்புத்தகம் ஓரமாகப் போகிறது, பையன்கள் தங்கள் பேட்டையையும் வீட்டையும் பற்றித் தாங்களே விசாரித்து எழுத ஆரம்பிக்கிறார்கள். தலைமை ஆசிரியருக்கு இது பிடிக்கவில்லை என்று தனியாகச் சொல்ல வேண்டுமா? குரலை அகற்றிவிட்டு மீனவர்களைப் பேசவிட்டவர், இங்கே வாத்தியாரின் அதிகாரத்தைக் குறைத்துப் பிள்ளைகளைப் பேசவிட்டார். இரண்டும் ஒரே வேலைதான்.

கடைசிக் காலம்?

கலாப்ரியாவில் செல்லியா மரினாவில் போய்க் குடியேறினார். 1993-ல் 'கலாப்ரியாவில்' என்ற ஆவணப்படம். 2006-ல், எண்பது வயதைத் தாண்டிய பிறகு, செனகலிலிருந்து கடல் கடந்து வரும் ஓர் இளைஞனைப் பற்றி 'சகாராவிலிருந்து கடிதங்கள்'. கொஞ்சம் தடுமாறும் படம், ஆனால் அந்த விஷயத்தை அந்த வயதில் தொட்டதற்காகப் பார்க்கலாம். 2011 நவம்பரில் காலமானார்.

எதிலிருந்து தொடங்குவது? தமிழ் சப்டைட்டில் இருக்கிறதா?

குறும்படங்களுக்கு சப்டைட்டிலே தேவையில்லை. மார்ட்டின் ஸ்கார்செஸி இவருடைய பெரிய ரசிகர், அவருடைய அறக்கட்டளையும் பொலோன்யா திரைப்பட ஆவணக் காப்பகமும் சேர்ந்து அவற்றைச் சீரமைத்திருக்கின்றன. மங்கிப்போன பிரதியில் பார்க்காதீர்கள், அந்தச் சீரமைத்த பதிப்பையே தேடுங்கள். முதலில் வாள்மீன், அடுத்து 'மறக்கப்பட்டவர்கள்', பிறகு 'கொள்ளையர்'. ஆசிரியர் படம் நாலு மணி நேரத்துக்கும் மேல் ஓடும், அதனால் ஒரு நாளைக்கு ஒரு பகுதி என்று வைத்துக்கொள்ளுங்கள்.