சினிமாவுக்கு மாதம் ஆயிரம், வட்டிக்கு ஆயிரத்து எழுநூறு

கேள்வி: ஈரோட்டில் ஒரு ஜவுளி நிறுவனத்தில் கணக்காளராக இருக்கிறேன். கைக்கு வரும் சம்பளம் 36,000 ரூபாய். டெலிகிராமில் படம் இறக்கிப் பார்க்கும் பழக்கத்தைப் பிள்ளைகளுக்காக விட்டுவிட்டு, ஐந்து ஓடிடி தளங்களுக்குக் கிரெடிட் கார்டில் சந்தா கட்டினேன். ஆண்டுக்கு 13,000 ரூபாய் ஆகிறது. தீபாவளிக்கு வாங்கிய டிவியும் அதே கார்டில் இருப்பதால் பாக்கி 42,000 ரூபாய். மாதாமாதம் மினிமம் டியூ, அதாவது கட்டாயம் கட்ட வேண்டிய குறைந்தபட்சத் தொகையான 2,100 ரூபாயை மட்டும் கட்டுகிறேன். தங்கை மாப்பிள்ளை கேட்டதால்தான் நெட்ஃப்ளிக்ஸில் நான்கு திரை பிளான் எடுத்தேன். அவர்கள் வீட்டிலும் என் கணக்கில்தான் பார்க்கிறார்கள். சிக்னல் கிடைக்காத கிராமத்தில் இருக்கும் அம்மாவுக்கும் படங்கள் இறக்கிக் கொடுக்க வேண்டும். சட்டப்படி, குறைந்த செலவில் இதற்கெல்லாம் என்ன வழி? ‘எல்லா ஓடிடியும் ஆண்டுக்கு 500 ரூபாய்’ என்று வாட்ஸ்அப்பில் விற்கிறார்களே, வாங்கலாமா? சேமிப்பு என்று தபால் அலுவலகத்தில் மாதம் 2,000 ரூபாய் ஆர்.டி. (மாதத் தவணைச் சேமிப்பு) மட்டும் இரண்டரை ஆண்டாகக் கட்டி வருகிறேன்.

பதில்: திருட்டுப் படத்தை விட்டுவிட்டு முறையாகப் பணம் கட்டத் தொடங்கிய உங்கள் முடிவை மனதாரப் பாராட்டுகிறேன். ஆனால், எந்தத் தளம் மலிவு என்ற கேள்விக்குப் போகும் முன், கடிதத்தில் நீங்கள் ஒரே வரியில் கடந்துபோன மினிமம் டியூவைத்தான் நான் பிடித்துக்கொள்ள வேண்டியிருக்கிறது. கணக்காளரான உங்களுக்கு இந்தக் கணக்கைப் போட்டுக் காட்ட வேண்டியிருப்பது வருத்தமாக இருக்கிறது.

பல கார்டுகளில் உள்ளபடி மாதம் மூன்றரை சதவீதம் என்று வைத்துக்கொண்டால், 42,000 ரூபாய்க்கு வட்டி 1,470 ரூபாய். அதன் மேல் 18 சதவீத ஜிஎஸ்டி சுமார் 265 ரூபாய். ஆக, நீங்கள் கட்டும் 2,100 ரூபாயில் 1,735 ரூபாய் வட்டிக்கும் வரிக்குமே போய்விட, அசலில் குறைவது வெறும் 365 ரூபாய்தான். அதே மாதத்தில் 649 ரூபாய் நெட்ஃப்ளிக்ஸ் சந்தா மறுபடி அதே கார்டில் ஏறுகிறது. பாக்கி நிலுவையில் இருக்கும்வரை புதிய செலவுக்கு வட்டியில்லா நாட்கள் கிடையாது என்பதால், அந்த 649 ரூபாய்க்கும் முதல் நாளிலிருந்தே வட்டி ஓடுகிறது. ஐந்து தளங்களுக்கும் சேர்த்து மாதம் 1,080 ரூபாய் ஆகிறதே என்று நீங்கள் கவலைப்படுகிறீர்கள். அதைவிட அதிகமாக வட்டி கட்டிக்கொண்டிருக்கிறீர்கள்.

இன்னொரு பக்கம், 6.7 சதவீத வட்டி தரும் ஆர்.டி.யில் 60,000 ரூபாய் இருக்கிறது. மூன்று ஆண்டு முடியாததால் அதை இப்போது மூட முடியாது, மூடவும் வேண்டாம். பன்னிரண்டு தவணை கட்டியவர்களுக்கு இருப்பில் பாதிவரை தபால் அலுவலகமே கடன் தருகிறது. அந்தக் கடனுக்கான வட்டி ஆர்.டி. வட்டியை விட 2 சதவீதம் கூடுதல், அதாவது 8.7 சதவீதம். அப்படி 30,000 ரூபாய் வாங்கிக் கார்டில் கட்டினால் அந்தத் தொகைக்கான வட்டி மாதம் 220 ரூபாய்க்குள் அடங்கும். மீதி 12,000 ரூபாயை, இப்போது கட்டும் 2,100 ரூபாயோடு சந்தாவில் மிச்சமாகும் பணத்தையும் சேர்த்துக் கட்டினால் நான்கைந்து மாதத்தில் முடித்துவிடலாம். அதுவரை கார்டைப் பீரோவில் வையுங்கள். ‘ஓடிடி இலவசம்’ என்று விளம்பரம் செய்யும் புதிய கார்டு எதையும் தயவுசெய்து வாங்க வேண்டாம். பாக்கி வைக்கும் பழக்கம் உள்ளவருக்கு அந்த இலவசம் ஒரே மாத வட்டியில் கரைந்துபோகும்.

இனி படங்களுக்கு வருவோம். ஒரு மாதத்துக்கு ஒரே ஒரு தளம் எடுங்கள். சேமிப்புக் கணக்கிலிருந்து யூபிஐயில் கட்டிய கையோடு, மாதாமாதம் தானாகப் பணம் எடுக்கும் ஆட்டோபேயை ரத்து செய்துவிடுங்கள். ரத்து செய்தாலும் கட்டிய மாதம் முடியும்வரை பார்க்கலாம். நெட்ஃப்ளிக்ஸில் 199 ரூபாய் பிளான் டிவியிலும் ஓடும், 149 ரூபாய் பிளான் போனிலும் டேப்லெட்டிலும் மட்டும். இரண்டிலுமே படங்களை இறக்கி வைக்கலாம். குறிப்பிட்ட ஒரு புதுப் படம்தான் வேண்டுமென்றால் யூடியூபில் வாடகைக்கு எடுக்கலாம். முப்பது நாளுக்குள் தொடங்க வேண்டும்; தொடங்கினால் 48 மணி நேரத்தில் பார்த்து முடிக்க வேண்டும். பழைய தமிழ்ப் படங்கள் பலவற்றை உரிமம் பெற்ற நிறுவனங்களே தங்கள் யூடியூப் சேனல்களில் முழுதாக, இலவசமாக ஏற்றியிருக்கின்றன. உங்கள் மொபைல் ரீசார்ஜிலேயே ஜியோஹாட்ஸ்டார் சேர்ந்திருக்கிறதா என்றும் பாருங்கள். ஒரே தளத்துக்கு இருமுறை பணம் கட்டும் வீடுகளை நான் அடிக்கடி பார்க்கிறேன்.

வாட்ஸ்அப்பில் 500 ரூபாய்க்கு விற்கப்படுவது யாரோ ஒருவருடைய கணக்கின் பாஸ்வேர்டாகவோ, பிளே ஸ்டோரில் இல்லாத ஒரு ஆப்பாகவோதான் இருக்கும். அந்த ஆப் உங்கள் குறுஞ்செய்திகளைப் படிக்க அனுமதி கேட்டால், வங்கியின் ஓடிபியையும் சேர்த்தே ஒப்படைக்கிறீர்கள்.

தங்கை மாப்பிள்ளையிடம் மறுத்துப் பேசுவது எவ்வளவு சங்கடம் என்பது எனக்குப் புரிகிறது. ஆனால் ஒரு கணக்கு ஒரே வீட்டில் வசிப்பவர்களுக்கு மட்டுமே என்று நெட்ஃப்ளிக்ஸ் 2023 ஜூலையிலேயே இந்தியாவில் அறிவித்துவிட்டது. “மாப்பிள்ளை, இனி கம்பெனி விதிப்படி இரண்டு வீட்டில் ஓடாது” என்று நீங்கள் சொல்வது சாக்கு அல்ல, உண்மை. தங்கைக்குச் செய்ய ஆசையிருந்தால், கார்டு பாக்கி தீர்ந்த பிறகு பொங்கல் சீராக ஒரு மாதச் சந்தாவைக் கொடுங்கள்.

அம்மாவுக்கு, நீங்கள் ஊருக்குப் போகும்போது உங்கள் வீட்டு டேப்லெட்டில் இரண்டு மூன்று படங்களை இறக்கி எடுத்துச் செல்லுங்கள். இறக்கிய படம் அந்த ஆப்புக்குள் மட்டும்தான் ஓடும், சந்தா முடிந்தால் மறைந்துவிடும். சில படங்கள் பார்க்கத் தொடங்கிய 48 மணி நேரத்தில் காலாவதியாகும். சிக்னல் இல்லாத ஊரில் அவற்றைப் புதுப்பிக்க முடியாது. அதனால் கிளம்பும் முன் ஒவ்வொரு படத்தின் கெடுவையும் இறக்கிய பட்டியலில் பார்த்துக்கொண்டு, தொடங்கிய படத்தை மறுநாளே பார்த்து முடித்துவிடும்படி அம்மாவிடம் சொல்லிவையுங்கள்.